கேம் கன்சோலில் அடைந்த தூசியை எடுப்பது எப்படி, எங்கே நிறுத்துவது

என் கன்சோலை முதன்முதலில் சுத்தம் செய்த அன்றுதான் அதன் விசிறியைக் கெடுத்தேன். அதுவரை தூசியும் தும்புமாக இருந்தாலும் அது ஓடிக்கொண்டுதான் இருந்தது. வேக்குவம் கிளீனரின் குழாயைக் காற்றுத் துளையின்மேல் அழுத்திப் பிடித்தேன். உள்ளே விசிறி கிர்ரென்று சுழன்று, வேகம் பிடித்து, ஊளையிட ஆரம்பித்தது. தூசியெல்லாம் பறந்து வருகிறதென்று எனக்கு ஒரே உற்சாகம். அன்றிரவு விளையாட உட்கார்ந்தபோது பழைய இரைச்சல் குறைந்திருந்தது. ஆனால் புதிதாக ஒரு கடகடப்பு வந்து சேர்ந்திருந்தது. பேரிங் போய்விட்டது என்றார் பழுது பார்ப்பவர்.

அதனால்தான் இதில் கையை எங்கே எடுத்துவிட வேண்டும் என்பதையும் அழுத்தமாகச் சொல்லப்போகிறேன். பெரும்பாலான கன்சோல்களைத் திறக்காமலேயே போதுமான அளவு சுத்தம் செய்துவிடலாம். திறந்தே தீர வேண்டும் என்றாலும் விசிறி வரைக்கும் போய்த் திரும்பிவிட்டால் போதும். அதற்குக் கீழே இறங்க வேண்டிய தேவை அரிதாகத்தான் வரும்.

தூசி எங்கே உட்காருகிறது

விளையாட்டு ஓடும்போது கன்சோலின் சிப் கடுமையாகச் சூடாகும். அந்தச் சூட்டை வாங்கிக்கொள்ள அதன்மேல் ஓர் உலோகக் கட்டி இருக்கும், ஹீட்சிங்க் என்பார்கள். சீப்பின் பற்களைப் போல மெல்லிய தகடுகள் அதில் நெருக்கமாக நிற்கும். விசிறி வெளிக்காற்றை இழுத்து அந்தத் தகடுகளின் இடுக்கில் செலுத்த, சூடான காற்று பின்பக்கமோ மேற்பக்கமோ வெளியேறும். ஏற்பாடு அவ்வளவுதான்.

வெளியே துளைகளில் தெரியும் தூசியைக் கண்டு மலைக்க வேண்டாம். அது ஒரு பிரஷ் பட்டாலே போய்விடும். வம்பு செய்யும் தூசி கண்ணுக்குப் படாமல், பெரும்பாலான மாடல்களில் விசிறிக்கும் ஹீட்சிங்க்குக்கும் நடுவே, தகடுகளின் வாயில் இருக்கிறது. இடுக்குகள் மிகக் குறுகலானவை என்பதால் தலைமுடி, துணி நூல், வளர்ப்புப் பிராணியின் ரோமம் எல்லாம் அங்கே வந்து குறுக்கே படுத்துக்கொள்ளும். அதன்மேல் நுண்தூசி ஒட்டும். நாளாக ஆக அது கம்பளித் துண்டு போல இறுகிவிடும். பழைய கன்சோல் ஒன்றின் விசிறியைக் கழற்றியபோது, தகடுகளின் வாயை விரல் அகலச் சாம்பல் நிறப் பட்டை ஒன்று ஓரத்திலிருந்து ஓரம் வரை மூடியிருந்ததைப் பார்த்தேன். நகத்தால் ஒரு முனையைக் கிளப்பினேன். ஆறிய புண்ணின் பொருக்கு போல முழுதாக உரிந்து வந்தது. அதன் பின்னால் தகடுகள் அப்போதுதான் தொழிற்சாலையிலிருந்து வந்தவை போலப் பளபளத்தன.

இவ்வளவு விவரமாக இதைச் சொல்லக் காரணம் உண்டு. காற்று உள்ளே போகும் துளை வழியாக நீங்களும் ஊதினால், அந்தப் பட்டையை மேலும் இறுக்கித் தகடுகளுக்குள் திணிப்பீர்கள். காற்று வெளியேறும் துளையிலிருந்து, எதிர்த்திசையில் ஊதினால்தான் அது பெயரும். வந்த வழியே திருப்பி அனுப்புவதுதான் இந்த வேலையின் சூட்சுமம் முழுவதும்.

முதலில் ஒரு சோதனை

விசிறி இரைவதை மட்டும் வைத்துத் தூசி என்று முடிவு கட்டிவிடக் கூடாது. கனமான விளையாட்டுகள் சுத்தமான கன்சோலையும் இரைய வைக்கும். கோடையில் அறையே கொதிக்கும்போது விசிறி என்ன செய்யும்?

டிஷ்யூ தாளில் விரல் அகலத்துக்கு ஒரு கீற்றைக் கிழித்துக்கொள்ளுங்கள். வழக்கமாகச் சத்தம் கூடும் விளையாட்டை அரைமணி நேரம் ஓடவிட்டு, காற்று வெளியேறும் துளைக்கு நேரே கீற்றைத் தொங்கவிடுங்கள். விசிறி கத்துகிறது, ஆனால் தாள் சோம்பலாக அசைகிறது என்றால் உள்ளே அடைப்பு இருக்கிறது. விசிறியும் கத்துகிறது, தாளும் படபடவென்று பறக்கிறது என்றால் காற்றோட்டத்தில் குறையில்லை. காரணத்தை வேறெங்காவது தேட வேண்டும். தாள் எவ்வளவு தூரம் விலகிப் பறந்தது என்பதைக் கைபேசியில் ஒரு படம் எடுத்து வையுங்கள். வேலை முடிந்தபின் ஒப்பிட உதவும்.

அடைப்பு முற்றிவிட்டால் இந்தச் சோதனையெல்லாம் தேவைப்படாது. சிப் தன்னைக் காத்துக்கொள்ள வேகத்தைக் குறைக்கும். படம் தயங்கித் தயங்கி ஓடும். கடைசியில் கன்சோல் தானாக அணைந்துவிடும். பிளேஸ்டேஷன் 4, தான் மிகவும் சூடாகிவிட்டதாகவும் அணைத்துவிட்டு ஆறும்வரை காத்திருக்கும்படியும் திரையிலேயே சொல்லும். அந்த எச்சரிக்கையை ஒரு முறை பார்த்துவிட்டால், மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போட வேண்டாம்.

என்னென்ன வேண்டும்

மென்மையான பெயின்ட் பிரஷ் ஒன்று. மைக்ரோஃபைபர் துணி. காது குடையும் பஞ்சுக்குச்சிகள் சில, பல் குத்தும் குச்சிகள் சில. ஒட்டும் பிசுக்குக்கு ஐசோபுரோபைல் ஆல்கஹால். 90 சதவீதத்துக்கு மேல் இருப்பது நல்லது, ஏனென்றால் அதில் நீர் குறைவு, உடனே உலர்ந்துவிடும். பிறகு, ஊதுவதற்கு ஒரு கருவி.

இந்த ஊதும் கருவியில்தான் பலர் சறுக்குகிறார்கள். புதிதாகச் செய்பவருக்கு நான் சொல்வது கேமரா லென்ஸ் துடைப்பவர்கள் வைத்திருக்கும் ரப்பர் பந்து. கையால் அமுக்கினால் ஒரு மூச்சுக் காற்று வரும். மெதுவாகத்தான் வேலை நடக்கும், ஆனால் அதனால் எதையும் உடைக்க முடியாது. அழுத்தக் காற்று டப்பா வேகமானது. ஆனால் அதை நேராக நிமிர்த்தியே பிடிக்க வேண்டும். சாய்த்தாலோ கவிழ்த்தாலோ உள்ளே இருக்கும் திரவம் கொப்பளித்து, பட்ட இடத்தை உறைய வைத்துவிடும். சில டப்பாக்களில் இருக்கும் வாயு தீப்பற்றக்கூடியது என்பதால் அடுப்போ மெழுகுவர்த்தியோ எரியும் இடத்தில் வேண்டாம். வண்டிச் சக்கரத்துக்குக் காற்றடிக்கும் கம்ப்ரசரைப் பக்கத்திலேயே கொண்டுவராதீர்கள். அதன் தொட்டியில் தண்ணீர் கட்டியிருக்கும், எண்ணெய்த் துளியும் சேர்ந்து வரலாம். அழுத்தமும் தேவைக்கு மிக அதிகம்.

வாயால் ஊதுவதும் வேண்டாம். கேமைக் கார்ட்ரிட்ஜ் என்ற பிளாஸ்டிக் பெட்டியாகச் செருகிய காலத்தில் விளையாடியவர்களுக்கு அந்தப் பழக்கம் கையோடு, அதாவது வாயோடு, வந்துவிட்டது. கேம் ஓடவில்லையென்றால் கார்ட்ரிட்ஜை உருவி ஒரு ஊது ஊதித் திரும்பச் செருகுவோம், ஓடிவிடும். உருவிச் செருகியதால்தான் ஓடியதே தவிர ஊதியதால் அல்ல என்பது பிறகுதான் புரிந்தது. மூச்சின் ஈரம் உலோக முனைகளை அரிக்கும். நின்டெண்டோவே ஊத வேண்டாம் என்று சொல்லியிருக்கிறது.

திறக்காமல் சுத்தம் செய்வது

முதலில் உள்ளே டிஸ்க் இருந்தால் வெளியே எடுத்துவிடுங்கள். மின்சாரம் போனபின் அது வராது. அடுத்து கன்சோலை முழுமையாக அணையுங்கள். ஓய்வு நிலை என்பது அணைந்த நிலை ஆகாது. பிளேஸ்டேஷனில் ஆரஞ்சு நிற விளக்கு எரிந்துகொண்டிருந்தால் அது பாதி விழித்திருக்கிறது என்று பொருள். மெனு வழியாக முழுதாக அணைத்து, விளக்கும் அணைந்தபின் பிளக்கைப் பிடுங்குங்கள். கேபிள்கள் எது எங்கே செருகியிருந்தது என்று ஒரு படம் எடுத்துக்கொண்டு எல்லாவற்றையும் கழற்றுங்கள். சூடு ஆற அரைமணி நேரம் விட்டுவிடலாம்.

வேலையைச் சன்னல் ஓரத்திலோ திறந்த வெளியிலோ, மேசைமேல் வைத்துச் செய்யுங்கள். படுக்கையறையில் செய்தால் கன்சோலின் தூசி தலையணைக்குத்தான் குடிபோகும். தும்மல் தொந்தரவு உள்ளவர்கள் முகக்கவசம் போட்டுக்கொள்ளுங்கள்.

உலர்ந்த துணியால் மேற்புறத்தைத் துடைத்துவிட்டுத் தொடங்குங்கள். இல்லையென்றால் மேலே கிடக்கும் தூசியை நாமே உள்ளே ஊதி அனுப்புவோம். பளபளப்பான பிளாஸ்டிக்கை அழுத்தித் தேய்க்கக் கூடாது. அதில் படிந்த தூசியே மணற்காகிதம் போல் கீறிவிடும். பிறகு பிரஷ்ஷால் எல்லாத் துளைகளையும், விளிம்புப் பள்ளங்களையும் வெளிநோக்கி வழித்துவிடுங்கள்.

இனி விசிறி. வெளியிலிருந்தே கண்ணுக்குத் தெரிந்தால், துளை வழியாக ஒரு பல் குத்தும் குச்சியை நுழைத்து இறக்கை சுழலாதபடி தடுத்துப் பிடியுங்கள். காற்றுப் பட்டு விசிறி சுழன்றால் இரண்டு கேடுகள். ஒன்று, அதற்கென்று வகுத்த வேகத்தைத் தாண்டிப் போய் பேரிங் கெடும். என் கதை அதுதான். மற்றொன்று, மோட்டாரைச் சுழற்றினால் அது சிறு டைனமோவாகி, மின்சாரத்தைக் கன்சோலின் மின்சுற்றுப் பலகைக்குள் திருப்பி அனுப்பும். விசிறி எட்டாத மாடலாக இருந்தால், ஒரே மூச்சாக ஊதாமல் ஒரு நொடிக்கு மேல் நீளாத சிறு சிறு ஊதல்களாகக் கொடுத்து, நடுவில் விசிறி நிற்க விடுங்கள்.

ஊதுவது காற்று வெளியேறும் துளையிலிருந்து. இன்னொருவர் உடனிருந்தால், அவர் வேக்குவம் கிளீனரைக் குறைந்த வேகத்தில் வைத்து, காற்று உள்ளே போகும் துளையிலிருந்து மூன்று நான்கு விரல்கடை தள்ளிப் பிடித்துக்கொள்ளட்டும். பெயர்ந்து வரும் தூசியைப் பிடிப்பது மட்டுமே அதன் வேலை. கன்சோலைத் தொடக் கூடாது. ஐந்தாறு ஊதலுக்கு ஒரு முறை கன்சோலைத் திருப்பி, காற்று நுழையும் துளை கீழ்நோக்கி இருக்கும்படி பிடித்து, உள்ளங்கையால் லேசாகத் தட்டினால், பெயர்ந்து தங்கியவை உதிரும். முதல் இரண்டு மூன்று ஊதலுக்கு ஒன்றும் வராமல், திடீரென்று ஒரு கொத்தாக வந்து விழும். அதைப் பார்ப்பதில் ஒரு தனிச் சந்தோஷம் இருக்கிறது.

டிஸ்க் போடும் வாய்க்குள் ஊத வேண்டாம். அங்கே ஒரு சிறிய லென்ஸ் இருக்கிறது. போகிற தூசி அதன்மேல்தான் போய் உட்காரும். எச்டிஎம்ஐ, யுஎஸ்பி வாய்களுக்கு உலர்ந்த பிரஷ் போதும். பிசுக்கு இருந்தால் பஞ்சுக்குச்சியில் ஆல்கஹாலைத் தொட்டு, பிழிந்துவிட்டு, ஓரங்களில் மட்டும் துடையுங்கள். அழுத்தக் காற்று டப்பா பயன்படுத்தியிருந்தால் கால்மணி நேரம் கழித்து மின்சாரம் கொடுங்கள்.

எந்தக் கன்சோலில் எங்கே

2020இல் வந்த பிளேஸ்டேஷன் 5 இந்த விஷயத்தில் நமக்கு நிறைய உதவி செய்கிறது. தாங்கியைக் கழற்றிவிட்டு, வெள்ளை மூடியின் மூலையைச் சற்று உயர்த்தி நகர்த்தினால் திருப்புளி இல்லாமலே கழன்று வரும். உள்ளே 120 மில்லிமீட்டர் அகலமுள்ள பெரிய விசிறி தெரியும். அதோடு, தூசி சேர்வதற்கென்றே செய்த இரண்டு துளைகள் இருக்கும். வேக்குவம் கிளீனரின் குழாயை அவற்றில் வைத்து உறிஞ்சினால் போதும்; அப்போதும் விசிறியை விரலால் பிடித்துக்கொள்ளுங்கள். இரண்டு பக்க மூடிகளையும் கழற்றுங்கள், ஏனென்றால் விசிறி இருபுறமும் காற்று இழுக்கிறது. இதற்கு மேல் உள்ளே போக வேண்டாம். சிப்புக்கும் ஹீட்சிங்க்குக்கும் நடுவே இதில் திரவ உலோகம் இருக்கிறது. அது மின்சாரம் கடத்தும். ஒரு சொட்டு பலகையில் சிந்தினால் கன்சோல் போயிற்று.

எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எக்ஸ் அடியிலிருந்தும் பின்னாலிருந்தும் காற்றை இழுத்து உச்சி வழியாக வெளியேற்றும். உச்சியில் உள்ள பெரிய துளைகளுக்குக் கீழேயே விசிறி; குச்சி நுழைத்துப் பிடிப்பது எளிது. நிமிர்த்தி வைத்து அணைத்திருக்கும் நேரத்தில் தூசி மேலிருந்தும் விழும் என்பதால் இதன் உச்சியை அடிக்கடி துடைக்க வேண்டும்.

2013இன் முதல் எக்ஸ்பாக்ஸ் ஒன் வைத்திருப்பவர்கள் மறந்துபோகும் ஒரு பொருள், கேபிளின் நடுவில் தரையில் கிடக்கும் அந்தச் செங்கல் போன்ற மின் பெட்டி. அதற்குள்ளும் ஒரு விசிறி உண்டு. எக்ஸ்பாக்ஸ் 360க்கும் அப்படியே. தரையில் கிடப்பதால் கன்சோலைவிட அதிகத் தூசி குடிப்பது அதுதான். வெளியிலிருந்து ஊதுங்கள், திறக்கவே கூடாது.

பிளேஸ்டேஷன் 4 பக்கவாட்டுப் பள்ளத்தில் காற்று இழுத்துப் பின்னால் விடும். பின்னாலிருந்து ஊதுவது அதற்குப் பொருந்தும். நின்டெண்டோ சுவிட்சில் விசிறி சிறியது. மேல்விளிம்பில் வெளியேறும் துளை, பின்புறம் உள்ளிழுக்கும் துளைகள். அதற்கு ரப்பர் பந்து மட்டும் போதும். அதை டிவியோடு இணைக்கும் டாக்கின் உள்ளே, கன்சோல் உட்காரும் பள்ளத்தில் சேரும் தூசியையும் தட்டிவிடுங்கள். அதுதான் திரையைக் கீறுகிறது.

திறக்கத்தான் வேண்டும் என்றால்

வெளியிலிருந்து ஊதியும் டிஷ்யூ தாள் அசையவில்லை என்றால் பட்டை நன்றாக இறுகிவிட்டது. உத்தரவாதக் காலம் மிச்சமிருந்தால் திருப்புளியைக் கீழே வைத்துவிட்டு நிறுவனத்தின் சேவை மையத்துக்குக் கொண்டுபோங்கள். காலம் முடிந்திருந்தால் உங்கள் மாடலின் பெயரை, அடியில் அச்சிட்டிருக்கும் மாடல் எண்ணோடு சேர்த்துத் தேடி, கழற்றும் காணொளியை ஒரு முறை முழுதாகப் பாருங்கள். பார்த்துக்கொண்டே கழற்றினால் பாதியில் மாட்டிக்கொள்வீர்கள்.

திருகுகள் சாதாரணமானவையாக இருக்காது. பிளேஸ்டேஷன் 4, எக்ஸ்பாக்ஸ் இரண்டிலும் ஆறுமுனை நட்சத்திர வடிவில், நடுவே சிறு முளையுடன் டார்க்ஸ் திருகுகள் இருக்கும். முனையில் துளையுள்ள டி8 அல்லது டி9 திருப்புளி வேண்டும். சுவிட்சில் மூன்று கிளை கொண்ட திருகுகள். பொருந்தாத திருப்புளியால் நெம்பித் தலையை மொட்டையாக்கிவிட்டால் அப்புறம் திறப்பதற்கு வழியே இல்லை. சில திருகுகள் ஸ்டிக்கருக்கு அடியில் ஒளிந்திருக்கும்.

திருகுகளைக் கழற்றும் வரிசையிலேயே ஐஸ் தட்டின் குழிகளில் போட்டுவாருங்கள். ஒரே அளவாகத் தெரிபவை நீளத்தில் வித்தியாசப்படும். நீளமானதைக் குட்டையின் இடத்தில் முறுக்கினால் அந்தப் பக்கம் குத்திக்கொண்டு வந்துவிடும். உள்ளே கைவைக்கும் முன் வெறும் உலோகம் எதையாவது தொடுங்கள். உடம்பில் ஏறியிருக்கும் நிலைமின்சாரம் இறங்கிவிடும். கம்பளத்தின்மேல் உட்கார்ந்து இந்த வேலை செய்யாதீர்கள். மூடியைத் தூக்கும்போது சட்டென்று இழுக்கவும் வேண்டாம். ரிப்பன் போன்ற மெல்லிய கேபிள்கள் அதோடு சேர்ந்து வரக்கூடும்.

உள்ளே ஒரு தனிப் பெட்டியாக இருப்பது மின்வழங்கி. அதைக் கழற்ற நேரலாம், பிளந்து பார்க்கக் கூடாது. பிளக்கைப் பிடுங்கிய பிறகும் அதன் கெப்பாசிட்டர்களில் மின்சாரம் தங்கியிருக்கும். கை வைத்தால் அடிக்கும். அதன் துளைகளில் வெளியிலிருந்து ஊதினால் போதும். கரப்பான்பூச்சிக்கு இதன் வெதுவெதுப்பும் இருட்டும் மிகவும் பிடிக்கும் என்பதையும் சொல்லி வைக்கிறேன். திறந்தவுடன் அலறாமல் இருக்க உதவும்.

விசிறி வந்ததும் இறக்கைகளை ஒவ்வொன்றாகப் பஞ்சுக்குச்சியால் துடையுங்கள். ஹீட்சிங்க்கின் வாயில் அந்தப் பட்டை தெரியும். ஊதாதீர்கள். சாமணத்தால் ஓரத்தைப் பிடித்து மெல்ல உரித்தெடுங்கள். உள்ளே மிஞ்சியதை மட்டும் வெளியேறும் பக்கமிருந்து ஊதுங்கள். தகடுகள் மிக மெல்லியவை, அழுத்தினால் வளைந்துவிடும். திறந்த பலகைக்கு அருகே வேக்குவம் கிளீனரைக் கொண்டுபோக வேண்டாம். பிளாஸ்டிக் முனை நிலைமின்சாரத்தைக் கிளப்பும். சிகரெட் புகை படிந்த வீட்டுக் கன்சோலில் தூசி பசை போல ஒட்டியிருக்கும். அங்கே ஆல்கஹால் தொட்ட பஞ்சுக்குச்சிதான் கதி, பொறுமையும் நிறைய வேண்டும்.

ஹீட்சிங்க்கைத் தூக்காதீர்கள். தூக்கினால் அதற்கும் சிப்புக்கும் நடுவே சூட்டைக் கடத்தும் தெர்மல் பேஸ்ட் என்ற பசையைச் சுரண்டிப் புதிதாகப் பூச வேண்டியிருக்கும். தூசி முழுவதும் போனபின்னும் சத்தம் குறையாத பழைய கன்சோலுக்கு அது தேவைப்படலாம். ஆனால் அது வேறு வேலை, வேறொரு நாளைக்கு.

திரும்ப வைக்கும்போது

கன்சோலை இயக்கி அதே விளையாட்டை அரைமணி நேரம் ஓட்டி, அதே இடத்தில் டிஷ்யூ கீற்றைத் தொங்கவிட்டுப் பழைய படத்தோடு ஒப்பிடுங்கள்.

வைக்கும் இடத்தையும் அப்படியே மாற்றிவிடுங்கள். தரையில் வேண்டாம், நடமாட்டத்தில் கிளம்பும் தூசி அங்கேதான் அதிகம். சுற்றிலும் குறைந்தது 10 சென்டிமீட்டராவது இடைவெளி இருக்கட்டும். கதவு மூடிய அலமாரிக்குள் வைத்தால், வெளியே விட்ட சூட்டையே அது திரும்ப இழுத்துக்கொண்டிருக்கும். தூசி போகாமல் இருக்கக் காற்றுத் துளையில் நைலான் துணி கட்டும் யோசனை எனக்கும் ஒரு காலத்தில் வந்தது. பதினைந்து நாளில் அந்தத் துணியே அடைத்துக்கொண்டு, விசிறி முன்பைவிடக் கத்தியது. அணைத்திருக்கும்போது மேலே ஒரு துணி போர்த்தலாம். ஓடும்போது எடுத்துவிட வேண்டும்.

மாதம் ஒரு முறை பிரஷ், மூன்று நான்கு மாதத்துக்கு ஒரு முறை ஊதல் என்பது என் வழக்கம். நாயோ பூனையோ இருக்கும் வீட்டில் அந்த இடைவெளியைப் பாதியாக்கிக்கொள்ளுங்கள். கன்சோலைத் திறந்து மூடியவர்களுக்கு ஐஸ் தட்டில் ஒரு திருகு மிஞ்சியிருந்தால், அதை இழுப்பறையில் போட்டுவிட்டு விளையாட உட்கார்ந்துவிடாதீர்கள். கழற்றிய வரிசையைப் பின்னோக்கிப் பார்த்தால் அதன் இடம் எங்கேயென்று தெரிந்துவிடும். பெரும்பாலும் அது விசிறியை இறுக்கிப் பிடிக்கும் திருகாகத்தான் இருக்கும்.